மறைக்கப்பட்ட வாழ்வும் படக்கருவியும்

ஸ்ரீ கெம்பாங்கானில் நான் வாழும் பகுதியைச் சுற்றிலும் ஒரு காலத்தில் ஈயச் சுரங்கங்கள் இருந்தன. ஈயம் எடுக்கச் சீனரும், பால்மரம் சீவத் தமிழரும் கப்பலேறி வந்த வரலாற்றை நம் மாணவர் அறிவர். அதே காலத்தில் இந்நாட்டுக்கு ஜப்பானியப் பெண்களும் கொண்டுவரப்பட்டனர் என்பதை எத்தனை பேர் அறிவோம்?

கியூஷூத் தீவைச் சார்ந்த ஷிமபாரா, அமக்குசா முதலிய வறிய பகுதிகளில் பிறந்த அப்பெண்களைக் ‘கராயுக்கி சான்’ என்பர். வேலை தருவதாக ஏமாற்றப்பட்டும், கடனுக்கு ஈடாக விற்கப்பட்டும் வந்தோர் பலர். மலாயா, சிங்கப்பூர், போர்னியோ எங்கணும் பரத்தையர் விடுதிகளில் அவர்கள் அடைபட்டுக் கிடந்தனர். ஊர் திரும்பியவர்களைச் சொந்த மண்ணே இழிவாக நோக்கிற்று. திரும்பாதவர்களை மறந்தே போயிற்று.

அம்மறதியைக் கலைத்தோர் இருவரைப் பற்றி நான் அடிக்கடி எண்ணுவதுண்டு. எழுத்தாளர் யமசாக்கி தொமொக்கோ, அமக்குசாவில் ஒரு மூதாட்டியின் குடிசையில், வந்த நோக்கத்தை மறைத்து மூன்று வாரங்கள் தங்கி, அவர் கதையைக் கேட்டார். அது 1972-இல் நூலாயிற்று. 1974-இல் திரைப்படமும் ஆயிற்று. இயக்குநர் இமமுரா ஷோஹெய் வேறு வழி கொண்டார். 1975-ஆம் ஆண்டின் ‘கராயுக்கி சான்’ ஆவணப்படத்துக்காக மலேசியாவுக்கே வந்து, எழுபது வயது கடந்த ஜப்பானிய மூதாட்டி ஒருவரிடம் படக்கருவியின் முன் நேருக்கு நேராய்க் கேட்டார். கூசவைக்கும் வினாக்களுக்கும் அம்மூதாட்டி அமைதியாகவே விடையளிக்கிறார்.

இவ்விரண்டில் எது அறம்? இமமுராவின் வினாக்கள் கடுமையானவை. பழம் புண்ணைத் தொடுபவை. ஆயினும் கேட்பவர் யார், எதற்குக் கேட்கிறார் என்பது அம்மூதாட்டிக்குத் தெரியும். தெரிந்தவருக்கே மறுக்கும் உரிமை உண்டு. அவ்வுரிமையைப் பறித்துவிட்டுக் காட்டும் அன்பு எத்துணை மென்மையாயினும் குறையுடையதே என்பது என் கருத்து.

நம் தோட்டத்து லயங்களிலும் சொல்லப்படாத கதைகள் உண்டு. துரைமாரிடமும் கங்காணிகளிடமும் நம் பெண்கள் பட்ட துன்பத்தைக் கிசுகிசுப்பாகவே கேட்டிருக்கிறோம்; மானம் போய்விடும் என்றஞ்சி ஏட்டில் எழுதத் தயங்கினோம். மானம் இழந்தவர் கொடுமை செய்தவரேயன்றி, அதனைத் தாங்கியவர் அல்லர்.

மாணவர்களே, உங்கள் பாட்டியரிடம் கேளுங்கள். கேட்குமுன் ஏன் கேட்கிறீர்கள் என்பதைச் சொல்லுங்கள். அவர் பேச மறுத்தால் எழுதுகோலை மூடிவையுங்கள். பேசினால் ஒரு சொல்லையும் அழகுபடுத்தாமல் எழுதுங்கள்.