அறிவியல் புனைகதையும் ஒரு மசலாவே

புதியது புகுவதைக் குற்றமெனக் கொள்ளாத இலக்கண மரபு நம்முடையது. பதினாறாம் நூற்றாண்டு தொடங்கி இசுலாமியப் புலவர் பெருமக்கள் மசலா, கிஸ்ஸா, நாமா, முனாஜாத்து, படைப்போர் எனப் புதுப்புது இலக்கிய வகைகளைத் தமிழுக்கு வழங்கினர். தமிழன்னையும் அவற்றை அயலவை என ஒதுக்காமல் தன் அணிகலன்களாகவே பூண்டுகொண்டாள். இத்தகு மரபில் வந்த நாம், அறிவியல் புனைகதை என்னும் வகையை வகுப்பறைக்குள் அழைக்க மட்டும் ஏன் தயங்குகிறோம்? இவ்வினாவே இக்கட்டுரைக்கு வித்தாகும்.

ஆய்வேட்டுக்குத் தலைப்புத் தேடும் மாணவர் சிலர் இவ்வகையை விரும்பி எம்மிடம் வருவதுண்டு. அவர்கள் விருப்பத்தைக் கேட்போர் இரண்டு தடைகளை எழுப்புகின்றனர். நடவாததை நடந்ததாகக் கூறும் இது வெறும் பொழுதுபோக்கு என்பது ஒன்று. அறிவியல் தெரிந்தவர் படிக்க வேண்டியதைத் தமிழ் மாணவர் ஏன் படிக்க வேண்டும் என்பது மற்றொன்று. இரண்டும் விடை கூறத்தக்க வினாக்களே.

முதற்கண் இவ்வகையின் இலக்கணத்தைத் தெளிதல் வேண்டும். மணிமேகலை மந்திரத்தால் வான்வழிச் செல்கிறாள். சீவக சிந்தாமணியில் விசயையோ தச்சன் சமைத்த மயிற்பொறியில் ஏறிச் செல்கிறாள். இரண்டும் கற்பனையே. எனினும் முன்னதில் அருளாற்றல் உயர்த்துகிறது. பின்னதில் மனிதன் கைவினை உயர்த்துகிறது. அறிவியல் புனைகதை இப்பின்னதன் வழியில் வளர்ந்தது. ‘இஃது எவ்வாறு இயலும்?’ என்று கேட்கும் வாசகனுக்கு அறிவு ஏற்கும் ஒரு விடையைத் தர அது கடமைப்பட்டுள்ளது. 1979 இல் வெளிவந்த தம் நூலில் தார்க்கோ சுவின் என்னும் திறனாய்வாளர் இவ்வகைக்கு இரு பண்புகளை வகுத்தார். பழகிய உலகை அயலதாக்கிக் காட்டுதல் ஒன்று. அதனை அறிவுநெறியில் நின்று செய்தல் மற்றொன்று. புராணம் முதற்பண்பை மட்டும் உடையது. உள்ளதை உள்ளவாறு காட்டும் நாவல் இரண்டாவதை மட்டும் உடையது. இரண்டும் கூடுமிடத்தில் அறிவியல் புனைகதை பிறக்கிறது.

இவ்விடத்து ஓர் எச்சரிக்கையும் தேவை. மயிற்பொறியைக் காட்டி, ‘விமானம் அன்றே நம்மிடம் இருந்தது’ என்று முழங்குதல் ஆய்வாகாது. பெருமிதம் வேறு, சான்று வேறு.

மேலைநாட்டில் இவ்வகையின் வரலாறு நன்கறியப்பட்டது. மேரி செல்லியின் பிராங்கன்ஸ்டைன் 1818 இலும், ஜூல்ஸ் வெர்னின் நிலவுப் பயணக் கதை 1865 இலும், எச்.ஜி. வெல்சின் கால இயந்திரம் 1895 இலும் வெளிவந்தன. 1926 இல் ஹியூகோ கெர்ன்ஸ்பாக் அமெரிக்காவில் இதற்கெனவே ஓர் இதழைத் தொடங்கினார். ஆயின் இதனை மேலையோர் தனியுடைமையாகக் கருதிவிடல் ஆகாது. பன்னிரண்டாம் நூற்றாண்டில் அந்தலூசிய மருத்துவரும் மெய்யியலாளருமான இப்னு துஃபைல், ‘ஹய்யு இப்னு யக்ளான்’ என்னும் கதையை அரபியில் இயற்றினார். மனிதரற்ற தீவில் தனித்து வளரும் குழந்தை, உற்றுநோக்கலாலும் சிந்தனையாலும் இயற்கையை அறிந்து, முடிவில் படைத்தவனையும் அறிகிறது. இதனை இன்றைய பொருளில் அறிவியல் புனைகதை என்று கூற இயலாது. எனினும் ஒரு கருதுகோளைக் கதையாக்கி அதன் முடிவுவரை நடந்து பார்க்கும் நெறி இதில் உண்டு. அறிவும் ஈமானும் பகையல்ல என்பதற்கும் இக்கதை சான்றாகிறது.

இனி, எம் உள்ளத்தை மிகவும் கவர்ந்த ஒரு படைப்பைக் காண்போம். வங்கத்துப் பைராபந்தில் 1880 இல் பிறந்த பேகம் ரொக்கையா, பெண்களுக்குப் பள்ளிப்படிப்பு மறுக்கப்பட்ட இல்லத்தில் வளர்ந்தவர். தமையனாரின் துணையால் ஆங்கிலம் கற்றவர். அவர் எழுதிய ‘சுல்தானாவின் கனவு’ என்னும் ஆங்கிலக் கதை 1905 இல் அச்சேறியது. அதனை வெளியிட்டது, கமலா சத்தியநாதன் சென்னையிலிருந்து நடத்திய மகளிர் இதழே. இந்திய அறிவியல் புனைகதையின் தொடக்ககால மணிகளுள் ஒன்று முதன்முதல் ஒளிர்ந்தது நம் சென்னையில் என்பது எண்ணி மகிழத்தக்கது.

கதையில் சுல்தானா பெண்ணாடு ஒன்றைக் காண்கிறாள். அங்கு ஆடவர் வீட்டினுள் அடைந்திருக்க, மகளிர் நாடாள்கின்றனர். பெண்கள் பல்கலைக்கழகம் ஒன்று முகில்களிலிருந்து நேரே நீரைப் பெறும் முறையைக் காண்கிறது. மற்றொன்று கதிரவன் வெப்பத்தைச் சேமிக்கும் கருவியைப் படைக்கிறது. ஆடவர் இவற்றை எள்ளி நகையாடிப் படைபெருக்குவதில் முனைந்திருந்தனர். பகைவர் வந்தபோது அப்படை தோற்றது. மாணவியர் திரட்டிய கதிரொளியே நாட்டைக் காத்தது.

ஆடவர் அடைந்திருக்கும் செய்தியைக் கூறியவுடன் எம் வகுப்பில் சிரிப்பெழுந்தது. சிரித்தவர் பெரும்பாலும் மாணவர்; மாணவியர் பலர் சிரிக்கவில்லை. ‘பெண் அடைந்திருந்தால் வராத சிரிப்பு ஆண் அடைந்திருந்தால் ஏன் வருகிறது?’ என்று வினவினோம். சற்றுநேரம் எவரும் பேசவில்லை. பழகிய உலகை அயலதாக்குதல் என்று சுவின் கூறியதை எந்த விளக்கவுரையும் இன்றி அவ்வகுப்பு உணர்ந்தது. பின்னர் ஒரு மாணவி எழுந்து, ‘ஒருவரை விடுவிக்க மற்றவரை அடைப்பது மட்டும் நீதியாகுமா?’ என்று வினவினார். ஆசிரியர் கற்பிக்காமலே மாணவர் உள்ளத்தில் எழும் இத்தகு வினாவே இலக்கியப் பயிற்சியின் பயனாகும்.

கதிரொளியால் சமைப்பதை அன்றே கூறினார் என்று வியந்து நிற்போர் உளர். எம் கருத்து வேறு. வருவதுரைத்தல் சோதிடர் தொழில். ஒன்றிரண்டு பலித்ததைக் கொண்டு கதையை அளத்தல் பொருந்தாது. ரொக்கையா கேட்டது, ‘பெண்ணுக்குக் கல்வி கிட்டினால் என்னவாகும்?’ என்பதாகும். அவ்வினாவை ஏட்டோடு அவர் விட்டுவிடவில்லை. கணவர் மறைந்த 1909 இல் பாகல்பூரில் ஐந்து மாணவியருடன் பள்ளி தொடங்கினார். 1911 இல் அதனைக் கல்கத்தாவில் மீண்டும் நிறுவினார். 1932 இல் மறையும்வரை அப்பள்ளிக்காகவே வாழ்ந்தார். கனவில் கண்ட பல்கலைக்கழகத்திற்கு நனவில் இட்ட முதற்கல் அது.

தமிழ் மாணவர் இதனை எவ்வாறு பயில்வது? நம் கையிலேயே அளவுகோல் உண்டு. முதல், கரு, உரி என்னும் அகப்பொருள் பாகுபாட்டை ஒரு கருவியாகக் கொள்வோம். அறிவியல் புனைகதையில் காலமும் இடமுமாகிய முதற்பொருள் மாறும். கருவிகளும் சூழலுமாகிய கருப்பொருள் மாறும். மனித உணர்வாகிய உரிப்பொருளோ மாறாது நிற்கும். சுஜாதாவின் ‘என் இனிய இயந்திரா’வில் வரும் ஜீனோ இயந்திர நாய்தான். ஆயினும் அதன்மீது வாசகர் கொள்ளும் பரிவு இயந்திரப் பரிவன்று. மாறுவதையும் மாறாததையும் பிரித்தறியும் பயிற்சிக்கு மின்னணுவியல் பட்டம் வேண்டியதில்லை. தமிழ் படித்த கண் வேண்டும். இரண்டாம் தடைக்கு இதுவே விடை.

முதல் தடைக்கும் விடை நம் மரபிலேயே உள்ளது. 1572 இல் தோன்றிய ஆயிரம் மசலா, அப்துல்லாஹ் இப்னு சலாம் வினவ, நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள் விடை பகர்வதாக அமைந்தது. மசலா என்னும் அரபுச் சொல்லுக்கு வினா என்பது பொருள். அறிவியல் புனைகதையும் ஒரு மசலாவே. ‘இவ்வாறாயின் மனிதன் என்னாவான்?’ என்பது அதன் வினா. ஆயிரம் மசலாவில் விடையும் கிடைக்கிறது. இங்கு விடையை நாம் தேட வேண்டியிருக்கிறது. இயந்திரங்கள் கட்டுரை எழுதவும் உரையாடவும் தொடங்கிவிட்ட இந்நாளில் அத்தேடல் பொழுதுபோக்கு ஆகாது.

ஆதலின் மாணவச் செல்வங்களே, இவ்வகை நூல்களைத் துணிந்து ஆய்வுக்குக் கொள்க. ஆசிரியப் பெருமக்களே, பாடத்திட்டத்தில் இதற்கும் ஓரிடம் தருக. சமுதாயப் பெரியோர்களே, தம் இல்லத்துப் பெண்மக்கள் அறிவியல் பயில விழையும்போது, ஐந்து மாணவியருடன் தொடங்கிய அந்தப் பள்ளியை ஒருகணம் எண்ணிப் பார்த்து விடை கூறுக. வல்ல இறைவன் நம் மக்களுக்குப் பயனுள்ள கல்வியை அருள்வானாக, ஆமீன்.