கட்டை விரல் பரீட்சை

முட்டியில் கோளாறு என்று சும்மா சொல்லிப் பாருங்கள். அடுத்த நிமிஷம் ஆபீஸ் முழுக்க டாக்டர்கள்! கேஷியர் முடக்கத்தான் தோசை என்பார், டெஸ்பாட்ச் கிளார்க் ஏதோ தைலம் என்பார். எனக்கு வந்தது வலியே இல்லை என்பதுதான் சிக்கல். என் வலது முட்டி மேல் எனக்கு நம்பிக்கை போய்விட்டது.

டவுன் பஸ்ஸிலிருந்து இறங்கித் திரும்பினேன். பாதம் ரோட்டில் ஊன்றியபடி இருக்க, உடம்பு மட்டும் திரும்பியது. முட்டிக்கு முன்னால் வட்டமாக ஒரு சில்லு இருக்கிறதே, அது அப்படியே வெளிப்பக்கம் நழுவியது. 'ஐயோ' என்று காலை நீட்டினேன். 'டக்'கென்று தன் இடத்தில் வந்து உட்கார்ந்துவிட்டது. கூட்டம் கூடுவதற்குள் திருடன் வீட்டுக்குப் போன கதை.

எக்ஸ்ரே எடுத்தார்கள். நார்மல். (அதுதான் திரும்பி வந்துவிட்டதே, வேறென்ன தெரியும்?) அங்கிருந்த டாக்டர் ஃபிலிமைப் பார்த்தார், காலைத் தொடவில்லை. ஒரு கிரேப் பாண்டேஜ், 15 மாத்திரை, முடிந்தது. அதன்பின் இரண்டு மாசம் மாடிப்படி இறங்குவதே எனக்கு ஒரு சாகசம். "ஒண்ணுமில்லைன்னு சொல்லிட்டாங்களாமே?" என்று சிரிக்கிறவர்களிடம் என்னத்தைக் காட்டுவது?

அப்புறம் போனது வயசான எலும்பு டாக்டர் ஒருவரிடம். எக்ஸ்ரே கவரை வாங்கி மேஜையில் வைத்தார். பிரிக்கவே இல்லை. முதலில் பார்த்தது என் நல்ல காலை!

"நல்லது எப்படியிருக்குன்னு தெரிஞ்சாத்தானே தம்பி, கெட்டது எவ்வளவு கெட்டிருக்குன்னு தெரியும்?"

உட்கார்ந்தபடி காலை மெதுவாக நீட்டச் சொன்னார். தொடை எலும்பின் பள்ளத்தில் சில்லு நேராக மேலே ஏற வேண்டும். என்னுடையது கடைசி நேரத்தில் வெளிப்பக்கம் வளைந்தது, குடைக் கைப்பிடி மாதிரி. இங்கிலீஷ் 'ஜே'யைத் தலைகீழாகப் போட்டால் வருகிற வளைவு. பெயரே 'ஜே சைன்'தானாம்.

அடுத்து சர்க்கஸ். கட்டை விரலை மடக்கி முன்கையைத் தொடு, சுண்டு விரலைப் பின்னால் வளை, முட்டியை மடக்காமல் குனிந்து உள்ளங்கையைத் தரையில் வை... பிறவியிலேயே மூட்டுகள் தளர்ச்சியா என்று பார்க்கிற பைட்டன் ஸ்கோர். மொத்தம் 9 மார்க். நான் வாங்கியது 2. குறைந்த மார்க் வாங்கி ஒருவர் என்னை மெச்சியது அன்றுதான்.

பிறகு சில்லின் அகலத்தை மனசுக்குள் நாலு பாகமாகப் பிரித்து, எத்தனை பாகம் வெளியே தள்ள முடிகிறது என்று பார்த்தார். ஒன்று, இரண்டு வரை சரி. மூன்று என்றால் உள்பக்கம் இழுத்துப் பிடிக்கிற லிகமென்ட் சந்தேகம். இடது ஒன்றரை. வலது மூன்று.

இதுவரை வெள்ளோட்டம். காலை நீட்டிப் பிடித்து, கட்டை விரலால் சில்லை வெளிப்பக்கம் அழுத்திக்கொண்டே மெல்ல மடக்க ஆரம்பித்தார். நான் முட்டியைப் பார்த்தேன். அவர் என் மூஞ்சியைப் பார்த்துக்கொண்டிருந்தார். கொஞ்சம்தான் மடங்கியிருக்கும். என்னைக் கேட்காமலேயே என் கை பாய்ந்து அவர் மணிக்கட்டைப் பிடித்துவிட்டது. தொடை கல்லாக இறுகிவிட்டது.

"வலிச்சுதா?"

"இல்லை சார்... கழண்டுடும்னு தோணிச்சு."

"அதான் எனக்கு வேணும்."

விஷயம் அங்கேதான் இருக்கிறது. வெறும் வலி என்றால் அவர் வேறு காரணம் தேடியிருப்பார். இந்தப் பரீட்சையில் பயந்தால்தான் 'பாசிடிவ்'. 'அப்ரிஹென்ஷன் டெஸ்ட்' என்று பெயரே பயத்தின் மேல்தான். இத்தனை நாள் நான் சொல்லக் கூச்சப்பட்ட ஒன்றை ஒருவர் ரிப்போர்ட்டில் எழுதுகிறார்!

அத்தோடு விடவில்லை. அதே கால், அதே மடக்கல். ஆனால் இம்முறை விரல் சில்லை உள்பக்கம் தள்ளிப் பிடித்திருந்தது. வெண்ணெய் மாதிரி மடங்கியது. பயம் போன இடம் தெரியவில்லை. அங்கே பயம், இங்கே நிம்மதி, இரண்டும் சேர்ந்தால்தான் கேஸ் உறுதி. 2009-ல் அமெரிக்க டாக்டர்கள் இந்த முறையை 51 பேரிடம் பார்த்து எழுதியிருக்கிறார்கள். மயக்க மருந்து கொடுத்துச் சில்லு நிஜமாகவே நழுவுகிறதா என்று சரிபார்த்தபோது, நழுவுகிற முட்டி ஒன்றைக்கூட இந்தச் சோதனை கோட்டை விடவில்லையாம்.

தொடைத் தசைக்குப் பயிற்சி எழுதினார். லிகமென்ட்டைப் பார்க்க எம்.ஆர்.ஐ.க்கு ஒரு சீட்டு. எல்லாம் முடிந்த பிறகுதான் கவரைப் பிரித்து, ஃபிலிமை வெளிச்சத்தில் தூக்கிப் பார்த்தார்.

"எலும்புத் துணுக்கு ஏதும் உடையலை. நல்ல எக்ஸ்ரே!" என்று திருப்பிக் கொடுத்தார்.