தேக்காவுக்குப் பின்னால் ஒரு மேடை

தேக்கா சந்தையை ஒட்டி பஃபலோ சாலை. அதற்கு அடுத்தது கெர்பாவ் சாலை. ஆங்கிலத்தில் ஒன்று, மலாயில் ஒன்று, இரண்டுமே எருமைதான். மாட்டு வியாபாரம் நடந்த இடத்துக்கு வேறென்ன பெயர் வைப்பார்கள்?

2004இல் இந்தத் தெருக்களே மேடையாயின. பால் ரே, கெய்லீன் டான் இருவரின் ‘ஸ்பெல் 7’ குழு, ‘டிசையர் பாத்ஸ்’ என்ற ஒலிநடையை உருவாக்கியது. காதில் ஹெட்போன் மாட்டிக்கொண்டு, அதில் கேட்கும் குரலோடு லிட்டில் இந்தியாவில் நடக்க வேண்டும். பூத் தொடுப்பவர், காய்கறிக்குப் பேரம் பேசுபவர் எல்லாரும் கேட்காமலே கதைக்குள் வந்துவிடுவார்கள். வானொலியில் பேசிப் பிழைக்கும் எனக்கு இதில் கொஞ்சம் பொறாமை உண்டு. என் குரலைக் கேட்பவர் எந்தத் தெருமுனையில் நிற்கிறார் என்று எனக்குத் தெரியாதே!

அங்கிருந்து மூச்சு வாங்க மேடேறினால் எமிலி மலை. நடிகர்களின் உடம்பையே கருவியாகத் தீட்டிய ஒரு பள்ளி சில காலம் இங்கே இருந்தது. 2000ஆம் ஆண்டில் நாடகாசிரியர் குவோ பாவ் குன்னும் நம் த. சசிதரனும் தொடங்கியது. இன்று அதன் பெயர் இன்டர்கல்ச்சுரல் தியேட்டர் இன்ஸ்டிடியூட். கேரளத்தின் கூடியாட்டம், ஜப்பானின் நோ, பெய்ஜிங் ஓபரா, ஜாவாவின் வாயாங் வொங் என நான்கு மரபுகளில் மூன்றாண்டு முழுநேரப் பயிற்சி.

முடித்தால் மாதச் சம்பளம் வருமா? நம் வீடுகளில் முதலில் எழும் கேள்வி இதுதான். தப்பான கேள்வியும் அல்ல. சசிதரன் பல்கலைக்கழகத்தில் தத்துவம் கற்பித்தவர், ‘ஸ்ட்ரெய்ட்ஸ் டைம்ஸ்’ நாளிதழில் நாடக விமர்சனம் எழுதியவர். அந்தப் பாதையிலேயே நிம்மதியாக இருந்திருக்கலாம். பள்ளி தொடங்கிய இரண்டே ஆண்டுகளில், 2002இல், குவோ மறைந்தார். சசிதரன் அதை விட்டுவிடவில்லை. 2012இல் அவருக்குக் கலாசாரப் பதக்கம் கிடைத்தது.

குவோவின் 1988 நாடகம் ஒன்றில் ஒரு மூதாட்டி தொலைந்த பூனையைத் தேடுகிறார். தலைப்பில் வரும் ‘மாமா’ நம் மாமா அல்ல, அம்மா! அவருக்கு ஹொக்கியன் மட்டுமே தெரியும். பெற்ற பிள்ளைகளோ வேறு மொழிகளுக்குப் போய்விட்டார்கள். வழியில் தமிழ் மட்டும் பேசும் ஒரு முதியவர். அவரும் பூனையைத் தேடுகிறார். ஒருவர் பேச்சு மற்றவருக்குப் புரியாது. கையசைவு, முகபாவம், பூனையின் சத்தம், இவ்வளவுதான் பாலம். பேரப்பிள்ளைகளிடம் தமிழில் பேசிவிட்டு ஆங்கிலத்தில் பதில் வாங்கும் தாத்தா பாட்டிகளுக்கு இந்தக் காட்சியை யாரும் விளக்க வேண்டியதில்லை.

ஞாயிறு மாலை தேக்கா பக்கம் போனால் கொஞ்ச நேரம் ஹெட்போனைக் கழற்றிவிட்டு நில்லுங்கள். தமிழும் வங்காளமும் மாண்டரினும் கலந்து நடக்கும் பேரத்தில் பாதி வேலையைக் கைதான் செய்கிறது.