தாய் தட்ட முடியாத கதவு

ஐதராபாத்தின் யூசுப்குடாப் பகுதியில் சிசு விஹார் என்னும் அரசு இல்லம் இருக்கிறது. பெற்றோரால் வளர்க்க இயலாத கைக்குழந்தைகளும், யாரோ எங்கோ விட்டுச் சென்ற குழந்தைகளும் அங்கே வளர்கின்றனர். அவர்களுள் பலர் பின்னர்ப் புதிய பெற்றோரின் வீடுகளுக்குச் செல்கின்றனர். தெலுங்கில் இதனைத் ‘தத்தத’ என்பர். தமிழில் ‘தத்து’ என்கிறோம். தத்துச் சென்ற குழந்தையைப் பற்றிப் பலரும் பேசுவர். தத்தெடுத்தவர்களை மனமார வாழ்த்துவர். பெற்றவள் என்ன ஆனாள் என்று கேட்பவர் மிகச் சிலரே.

வறுமை, நோய், திருமணமாகாத நிலை, மீண்டும் பெண் குழந்தையா என்னும் வீட்டாரின் வெறுப்பு என அவளது முடிவுக்குப் பின்னே பல காரணங்கள் இருக்கக்கூடும். தமிழ்நாட்டில் 1992ஆம் ஆண்டு சேலத்தில் தொட்டில் குழந்தைத் திட்டம் தொடங்கப்பட்டதும் அந்த வெறுப்பிலிருந்து பெண் சிசுக்களைக் காப்பதற்காகவே. இன்று ஒரு தாய் தன் குழந்தையை ஒப்படைக்க வேண்டுமானால், 2015ஆம் ஆண்டின் சிறார் நீதிச் சட்டப்படி குழந்தைகள் நலக் குழுவின் முன் செல்ல வேண்டும். குழுவினர் அவளுக்கு அறிவுரை கூறுவர். அதன் பின்னரும் அவள் உறுதியாக இருந்தால் பத்திரத்தில் கையொப்பம் பெறுவர். மனம் மாறினால் குழந்தையைத் திரும்பப் பெற அவளுக்கு இரண்டு மாத காலம் உண்டு. அந்தக் காலம் கடந்துவிட்டால், சட்டத்தின் பார்வையில் அவள் அக்குழந்தைக்குத் தாய் அல்லள்.

எல்லாத் தாய்மாரும் இப்படி அறிந்தும் தெளிந்தும் கொடுத்தவர்கள் என்று சொல்லிவிட முடியாது. இன்றைய தெலங்கானாவின் லம்பாடி மக்கள் வாழும் ‘தண்டா’க்களில் தரகர்கள் சொற்பத் தொகை கொடுத்துப் பச்சிளங் குழந்தைகளை வாங்கிச் சென்ற செய்திகள் 1999ஆம் ஆண்டிலும் 2001ஆம் ஆண்டிலும் வெளிவந்தன. அக்குழந்தைகளுள் பலர் கடல் கடந்து தத்துச் செல்லவிருந்தவர்கள்; முன்னரே சென்றுவிட்டவர்களும் உண்டு. பெற்றோர் விரும்பி ஒப்படைத்ததாகக் காட்டும் பொய்ப் பத்திரங்களும் அந்த வணிகத்தில் உருவாயின. இதனால் அன்றைய ஆந்திர அரசு, பெற்றோர் ஒப்படைக்கும் குழந்தைகளைத் தத்து நிறுவனங்கள் பெறுவதற்கு 2001ஆம் ஆண்டில் தடை விதித்தது.

குழந்தை வளர்ந்தபின் தாயும் சேயும் மீண்டும் சந்திக்க வழி உண்டா? உண்டு, ஆனால் அந்தக் கதவு ஒரு பக்கத்திலிருந்து மட்டுமே திறக்கும். தத்துச் சென்றவர் பதினெட்டு வயது நிறைந்ததும் தம் வேர்களைத் தேடித் தாமே விண்ணப்பிக்கலாம். அதற்கு முன்னர் எனில் வளர்த்த பெற்றோருடன் சேர்ந்து விண்ணப்பிக்க வேண்டும். தன் பெயரை மறைத்து வைக்குமாறு தாய் அன்றே கேட்டிருந்தால், அவளது இசைவைப் பெற வேண்டும். அவள் மறுத்தாலோ, கண்டறிய முடியாமற் போனாலோ, எந்தச் சூழ்நிலையில் குழந்தை ஒப்படைக்கப்பட்டது என்பதை மட்டும் தெரிவிப்பர். ஆனால் தாயே வந்து, “என் மகள் எங்கே இருக்கிறாள்?” என்று கேட்டால், அதற்கு விடை பெறும் உரிமை அவளுக்கு இல்லை.

இதில் நியாயமும் இருக்கிறது. வளரும் குழந்தையின் அமைதி குலையக் கூடாது. ஆயினும், கொடுத்தவள் மறந்துவிட்டாள் என்று சட்டம் எண்ணிக்கொள்வதுபோல் தோன்றுகிறது.

தமிழ் படிப்பவர்களுக்கு இந்தத் தாய் புதியவள் அல்லள். ஆற்றில் விட்ட மகனைப் பல்லாண்டுகள் கழித்துத் தேடிச் சென்றவள் குந்தி. வில்லிபுத்தூரார் பாடிய பாரதத்தில் கர்ணன் அவளை உடனே நம்பிவிடுவதில்லை. தாம்தாம் அவனைப் பெற்றதாகச் சொல்லிக்கொண்டு முன்னரே பெண்கள் பலர் வந்திருந்தனர். தேவர்கள் அளித்த துகில் ஒன்று அவனிடம் இருந்தது. பொய் சொல்லி அதை உடுத்தியவர்களை அது எரித்தது. குந்தியை அது எரிக்கவில்லை. இக்காலத்தில் அந்தத் துகிலின் வேலையை மரபணுச் சோதனை செய்கிறது. உமிழ்நீர் சிறிதளவு போதும், யாரும் எரிய வேண்டியதில்லை! ஆனால் குந்திக்கு வாய்த்த ஒன்று இன்றைய தாய்க்கு வாய்க்கவில்லை. மகன் இருக்கும் இடம் அவளுக்குத் தெரிந்திருந்தது. அவள் தானாகவே நடந்து சென்று அவன் முன் நின்றாள்.

இங்கிலாந்தில் 1991ஆம் ஆண்டு முதல் தத்துத் தொடர்புப் பதிவேடு ஒன்று இருந்து வருகிறது. பெற்ற தாயும் உறவினரும் அதில் தம் பெயரைப் பதிந்து வைக்கலாம். தத்துச் சென்றவரும் பதிந்தால், இன்னார் காத்திருக்கிறார் என்னும் செய்தி அவருக்குக் கிடைக்கும். அங்கும் தாய் கதவைத் தட்டுவதில்லை. வாசலில் ஒரு விளக்கை மட்டும் ஏற்றி வைக்கிறாள். அதற்கு இடம் தருவதில் யாருக்கும் இழப்பு இல்லை. இங்கும் அப்படி ஓர் ஏடு வேண்டும்.

சென்னையை அடுத்த பல்லாவரத்தில் இருந்த ஓர் இல்லத்திலிருந்து 1970களின் இறுதியில் ஒரு சிறுவன் டென்மார்க்குக்குத் தத்துச் சென்றான். வளர்ந்து பெரியவரான பின், அவர் தம் தாயைப் பல ஆண்டுகள் தேடினார். 2019ஆம் ஆண்டில் தாய் இருக்குமிடம் தெரிந்தது. நாற்பது ஆண்டுகள் கழித்து இருவரும் முதலில் கண்டுகொண்டது காணொளி அழைப்பில்தான். முகம் தெரிந்தது, குரலும் கேட்டது. ஆனால் மகன் வளர்ந்தது டேனிஷ் மொழியில், தாய்க்குத் தெரிந்தது தமிழ். தொலைபேசியில் பிள்ளைகளை அழைக்கும் நம் தாய்மார் முதலில் கேட்கும் “சாப்பிட்டாயா?” என்னும் ஒரு சொல்லைக்கூட, அப்படி வளர்ந்த பிள்ளையிடம் இன்னொருவர்தாம் எடுத்துச் சொல்ல வேண்டும்.

தண்டாக்களிலிருந்து அன்று சென்ற குழந்தைகள் இன்று இருபத்தைந்து வயதைக் கடந்துவிட்டனர். அவர்களுள் ஒருத்தி பழைய தாள்களுடன் ஐதராபாத்தில் வந்து இறங்கக்கூடும். தாள்களில் உள்ள ஊர்ப் பெயர் உண்மையானதாக இருந்தால், அவள் தாயின் வாசல் வரை சென்றுவிடலாம். அங்கே ஆங்கிலம் உதவாது. தெலுங்கு பாதித் தூரம் வரும். வீட்டுக்குள் பேசுவது லம்பாடி மொழி. அதற்கெனத் தனி எழுத்து இல்லை. தாயிடம்தான் அவள் அதைக் கேட்டுக் கற்க வேண்டும்.