சீல் அறுந்த மீட்டர்

மாமாவின் மாவு மில்லில் மீட்டர் இருப்பது வெளிச்சுவரில், தகரக் கூரைக்குக் கீழே. மூடியின் இரண்டு திருகுகளிலும் முறுக்குக் கம்பி, கம்பி நுனியில் சின்ன ஈயக் குண்டு, அதில் நசுக்கிப் பதித்த எழுத்து. இதுதான் சீல். ஒரு பக்கத்துக் கம்பி துருப்பிடித்து அறுந்து தொங்கியது. மின்வாரியத்தின் பறக்கும் படை சோதனைக்கு வந்த காலையில் எல்லார் கண்ணும் அந்தக் குண்டின் மேல்தான்.

*

சீல் அறுந்திருக்கிறது, சரி. மூடியைத் திறந்தார்களா? திறந்தது யார்? மீட்டர் குறைத்து ஓடியதா? இவை மூன்றும் வேறு வேறு கேள்விகள். கடைசிக் கேள்விக்குச் சோதனைக் கருவி இருக்கிறது. ஓடுகிற லோடில் மீட்டரோடு ஒப்பிட்டால் எத்தனை சதவீதம் குறைவு என்று அங்கேயே தெரிந்துவிடும். அன்று கரண்ட் இல்லை, மில் ஓடவில்லை. சோதனையும் நடக்கவில்லை.

*

மின்சாரச் சட்டம் 2003. பிரிவு 126: திருத்திய மீட்டர் வழியாக எடுத்தால் அங்கீகாரமற்ற பயன்பாடு. கட்டணத்தைப் போல 2 மடங்கு. எந்த நாளில் தொடங்கியது என்று தெரியாவிட்டால், சோதனைக்கு முந்தைய 12 மாதத்துக்குக் கணக்கு.

பிரிவு 135: திருட்டு. 3 ஆண்டு வரை சிறை, அல்லது அபராதம், அல்லது இரண்டும். இதற்கு நேர்மையற்ற நோக்கம் வேண்டும். ஆனால் மின்சாரத்தை எடுக்கச் செயற்கை வழி இருந்தது நிரூபணமானால், நோக்கத்தைச் சட்டமே ஊகித்துக்கொள்ளும். இல்லை என்று காட்டுவது நம் பொறுப்பு.

*

நுகர்வோர் நீதிமன்றம் போகலாம் என்று எல்லாரும் சொன்னார்கள். முடியாது. உத்தரப் பிரதேச மின் கழக வழக்கில் 2013இல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது: 126இன் மதிப்பீட்டையோ 135 முதல் 140 வரையான குற்றங்களையோ எதிர்த்து அங்கே புகார் நிற்காது. 126இன் மதிப்பீட்டை எதிர்த்து சிவில் கோர்ட்டுக்கும் போக முடியாது, பிரிவு 145 தடுக்கிறது. தற்காலிக மதிப்பீட்டு உத்தரவுக்கு ஆட்சேபம் எழுதலாம். இறுதி உத்தரவு வந்த 30 நாளுக்குள் பிரிவு 127இல் மேல்முறையீடு. அதற்கும் பாதித் தொகையை முதலில் கட்ட வேண்டும். அத்தையின் வளையல் அடகுக் கடைக்குப் போனது இதற்காகத்தான். தவறு செய்யாதவனும் பாதியைக் கட்டிவிட்டுத்தான் பேச ஆரம்பிக்க வேண்டும் என்பது எனக்கு இன்னும் ஆறவில்லை.

*

சோதனையன்று அங்கேயே எழுதிய மகஜர். மாமா படிக்காமல் கையெழுத்துப் போட்டார். பயம். அதில் 'சீல் உடைக்கப்பட்டிருந்தது' என்று எழுதியிருக்கிறது. உடைக்கப்பட்டது என்றாலே உடைத்தவன் ஒருவன் வந்துவிடுகிறான். 'கம்பி துருப்பிடித்து அறுந்திருந்தது, சோதனைக் கருவி வைக்கப்படவில்லை' என்று கையெழுத்துக்கு மேலே ஒரு வரி எழுதியிருக்கலாம். பக்கத்தில் நின்ற நானும் சொல்லவில்லை.

*

திருட்டு இல்லாமல் இல்லை. கொக்கி போடுபவர்கள், காந்தம் வைப்பவர்கள் உண்டு. அவர்கள் எடுப்பதன் சுமை ஒழுங்காகக் கட்டுபவன் தலையில்தான் விழுகிறது. பிடிக்கத்தான் வேண்டும், ஆனால் அளந்து பார்த்துப் பிடிக்க வேண்டும்.

*

மீட்டர் மின்வாரியத்துடையது, காக்கும் பொறுப்பு நம்முடையது. அப்படியென்றால் சீல் கம்பியில் துரு கண்ட அன்றே எழுத்தில் தெரிவித்து, பெற்றதற்கு ரசீது வாங்கி வைத்திருக்க வேண்டும். வாய்வார்த்தையாகச் சொன்னது எந்த ஃபைலிலும் இல்லை.

*

மீட்டர் அட்டை. இரண்டு வருஷ ரீடிங், ஓரம் மாவு படிந்து. புது மீட்டர் மாட்டி மூன்று கணக்கெடுப்பு ஆகிவிட்டது. மில் முன்பு ஓடிய அளவுதான் ஓடுகிறது, யூனிட்டும் ஏறக்குறைய முன்பு வந்ததுதான் வருகிறது. பழைய மீட்டர் பாதிதான் காட்டியது என்றால் இப்போது இரட்டித்திருக்க வேண்டுமே.

மேல்முறையீட்டு விசாரணை அடுத்த வாரம். அட்டையின் இரண்டு பக்கத்தையும் நகல் எடுத்தாயிற்று. கூடுதல் மனுவில் முதல் பத்தி இதுதான்.