பழையதே அளவுகோலா?

நாகப்பட்டினத்தில் விசைப்படகு இயந்திரமாயினும், வயலிலுள்ள பம்புசெட்டாயினும், பழுதான உதிரிபாகத்தைக் கடைக்கு எடுத்துச் சென்று, "இதே மாதிரி ஒன்று" என்று கேட்பதே நம் வழக்கம். பெரும்பாலும் பொருந்திவிடும்; தண்ணீர் வரும், படகு ஓடும்.

சிறு விமானங்களைப் பேணுவோர்க்கு இவ்வழக்கம் ஆகாது. செஸ்னா 172 போன்ற நான்கு இருக்கை விமானத்திற்கும் படங்களுடன் கூடிய உதிரிபாகப் பட்டியல் நூல் உண்டு. ஒவ்வொரு பகுதியும் பிரித்து வைத்தாற்போல் அதில் வரையப்பட்டிருக்கும். படத்திலுள்ள எண்ணைக் கொண்டு அட்டவணையை நோக்கினால், பாகத்தின் எண், பெயர், தேவையான எண்ணிக்கை, எந்த வரிசை எண் கொண்ட விமானங்களுக்கு உரியது என்பன தெரியவரும். ஒரே பெயருடைய இரு விமானங்களுக்கு வெவ்வேறு பாகங்கள் தேவைப்படலாம். அதைப் பொருத்தும் முறையைக் கூறுவது பராமரிப்புக் கையேடு. அது வேறு நூல்.

இத்துணைக் கட்டுப்பாடு எதற்கு? 1990 ஜூன் 10 அன்று பர்மிங்காமிலிருந்து மாலகாவுக்குப் புறப்பட்ட பிரிட்டிஷ் ஏர்வேஸ் பயணிகள் விமானத்தின் முன்கண்ணாடி, சுமார் 17,300 அடி உயரத்தில் பெயர்ந்து போயிற்று. தலைமை விமானியின் உடல் பாதி வெளியே இழுக்கப்பட்டது. உடனிருந்தோர் அவரைப் பற்றிக்கொண்டனர். துணை விமானி சவுதாம்டனில் பத்திரமாகத் தரையிறக்கினார். அனைவரும் பிழைத்தனர்.

அக்கண்ணாடி அப்போதுதான் மாற்றப்பட்டிருந்தது. அதனைப் பிடித்திருந்த 90 போல்ட்டுகளில் 84, உரிய விட்டத்தினும் ஏறத்தாழ 0.66 மில்லிமீட்டர் குறைந்தவை. பட்டியலைப் பாராமல், கழற்றிய போல்ட்டோடு கண்ணளவில் ஒப்பிட்டு அவற்றைத் தேர்ந்திருந்தார்கள். நம்மை அதனினும் சிந்திக்க வைப்பது மற்றொன்று. மாதிரியாகக் கொண்ட பழைய போல்ட்டே தவறானது. உரிய நீளத்தினும் குட்டையானது. அதைக் கொண்டே அவ்விமானம் ஆண்டுக்கணக்கில் பறந்திருந்தது!

ஆகவே, "இதுவரை ஓடியதே" என்பது சரியென்பதற்குச் சான்றாகாது. நம் மெக்கானிக்குகளின் கைப்பழக்கத்தை நாம் குறைத்து மதிப்பிடவில்லை. ஆனால் கைக்கு எட்டுவது கையிலுள்ள பாகம் மட்டுமே. அது முதலில் எப்படி இருந்திருக்க வேண்டும் என்பதை, அதைச் செய்தவரின் நூலே அறியும். கரை தெரியாத கடலில் இயந்திரம் நின்றால் தவிப்பவர் நம் பிள்ளைகள். இயந்திரத்தோடு வந்த நூல் பரணில் கிடக்குமாயின் அதை இறக்கித் தூசி தட்டுவோம். அடுத்த முறை கடைக்குச் செல்கையில், பழைய பாகத்தோடு அதற்குரிய எண்ணையும் எழுதி எடுத்துச் செல்வோம்.