திரையில் காணாத காதல்

காதல் என்ற சொல்லைக் கேட்டதும் நம் மனக்கண்ணில் சில காட்சிகள் எழுகின்றன. அவற்றை அங்கே வரைந்து வைத்தது நாம் கண்ட வாழ்க்கையா, நாம் கண்ட திரைப்படங்களா? இக்கேள்வியை நம்மை நாமே கேட்டுக்கொள்ள நெடுங்காலம் ஆயிற்று.

1980இல் 'ஒருதலை ராகம்' வந்தது. மறு ஆண்டு 'அலைகள் ஓய்வதில்லை' வந்தது. முன்னதில் வாய்விட்டுச் சொல்லாத காதல் ஓர் இளைஞனின் உயிரோடு முடிந்தது. பின்னதில் இளங்காதலர் பூணூலையும் சிலுவையையும் களைந்துவிட்டு ஊரைத் துறந்து நடந்தனர். அப்போது இளைஞராயிருந்த நாம் அப்படப் பாடல்களை வானொலியில் கேட்டுக் கேட்டே மனனம் செய்தோம். ஏங்குவதும் எதிர்ப்பதும் மாள்வதுமே காதல் என்று முடிவு கட்டினோம்.

அந்த அளவுகோலோடு வீட்டுக்குள் நுழைந்தோம். வாப்பா சிங்கப்பூரில் கடை வேலையில் இருந்தார்கள். மூன்றாண்டுக்கொரு முறை ஊர் வருவார்கள். உம்மாவுக்கு எழுத்துத் தெரியாது. கடிதம் வந்தால் நாம்தாம் உரக்க வாசிப்போம். வீட்டு வரி, கூரை ஓடு மாற்றுவது, தங்கையின் படிப்பு, கடைசியில், "உன் முழங்கால் வலிக்குக் கோடாலித் தைலம் கொடுத்தனுப்பியிருக்கிறேன்." அவ்வளவுதான்.

ஒருநாள் கேட்டே விட்டோம்: "வாப்பாவுக்கு உங்கள்மேல் பிரியம் உண்டா உம்மா?"

உம்மா விடை சொல்லவில்லை. முக்காட்டைச் சரிசெய்துகொண்டு அடுப்படிக்குப் போய்விட்டார்கள். பிரியம் இல்லை போலும் என்று நாம் இரங்கினோம்!

திரைப்படத்தைப் பழிப்பது நம் நோக்கமன்று. விவாகரத்துக் கேட்ட மனைவியைக் கட்டாயப்படுத்தாமல் காத்திருந்த கணவனை 1986இல் 'மௌன ராகம்' காட்டியது. மணமான பின் எழும் மனத்தாங்கல்களை 2000இல் 'அலைபாயுதே' காட்டியது. எனினும் மிகப் பல படங்கள் மணமாலையோடு 'சுபம்' போட்டுவிட்டன. துரத்துவதை இரண்டரை மணி நேரத்தில் காட்டிவிடலாம். முப்பதாண்டுக் காத்திருப்பைக் காட்டுவது எளிதன்று.

இதில் வேறொரு தீங்கும் உண்டு. மறுத்த பெண்ணை விடாது தொடர்ந்தால் அவள் இசைவாள் என்பது திரை கற்பித்த பாடம். 2016இல் வந்த 'ரெமோ'வில் வேறொருவருக்கு நிச்சயிக்கப்பட்ட பெண்ணைச் செவிலி வேடமிட்டு வென்றான் கதாநாயகன். விருப்பமில்லாத பெண்ணை விடாது பின்தொடர்வதோ 2013 முதல் நம் நாட்டுச் சட்டப்படி குற்றம்! ஒரு பெண் சொல்லும் 'வேண்டாம்' என்பதற்கு 'வேண்டாம்' என்பதே பொருள் என்று நம் ஆண்மக்களுக்கு நாம்தாம் சொல்லித்தர வேண்டும்.

உம்மா வஃபாத்தான பிறகு அவர்களுடைய தகரப் பெட்டியைத் திறந்தோம். பழைய கைலித் துணியில் சுற்றிய காலித் தைலக் குப்பிகள் இருந்தன. ஒன்றைக்கூட அவர்கள் எறியவில்லை. மணம் இன்னும் மிச்சமிருந்தது.

கடிதத்தை உரக்க வாசிக்கப்போவது மகன் என்பதை வாப்பா அறிந்திருந்தார்கள். மகன் வாயால் எதைச் சொல்ல முடியுமோ அதை மட்டும் எழுதி, மீதியைக் குப்பியில் அடைத்து அனுப்பியிருக்கிறார்கள். வாசித்த நமக்குத்தான் அது விளங்கவில்லை, கேட்டவர்களுக்கு விளங்கியிருந்தது.